ஐசக் ஹேஸ் பாட்டை உங்கள் படத்தில் வைக்க வேண்டுமா? எடிட்டில் உட்காரும் முன் இதைப் படித்துவிடுங்கள்

அமெரிக்க சோல் பாடகரும் இசையமைப்பாளரும் நடிகருமான ஐசக் ஹேஸின் திரை வாழ்க்கையைப் பற்றி 18 நிமிட ஆவணப்படம் ஒன்று எடுத்தேன். படப்பிடிப்பு 11 நாளில் முடிந்துவிட்டது. பாட்டுகளுக்கு அனுமதி வாங்க ஏழு மாதம் ஆனது. அந்த ஏழு மாதத்தில் ஐந்து மாதமாவது வீண். யாரிடம் கேட்பது, எந்தக் காகிதத்தை முதலில் அனுப்புவது என்று தெரியாமல் போனவை. தமிழில் இதை விளக்கி யாரும் எழுதிக் கிடைக்கவில்லை, அதனால் நான் எழுதுகிறேன். அமெரிக்காவில் படம் எடுக்கப் படிக்க வந்திருப்பவர்களுக்கும், சோல் இசை மேல் ஆசை வைத்து வீடியோ கட்டுரையோ குறும்படமோ எடுக்க நினைப்பவர்களுக்கும் இது உதவும்.

ஹேஸைப் பற்றி இரண்டே வரி. 1942 ஆகஸ்ட் 20 அன்று டென்னசியின் கோவிங்டனில் பிறந்தவர், மெம்ஃபிஸில் ஸ்டாக்ஸ் ரெக்கார்ட்ஸில் வளர்ந்தவர், 2008 ஆகஸ்ட் 10 அன்று மறைந்தவர். அவர் வாழ்க்கையில் மற்றதெல்லாம் எந்தக் காகிதத்தை எங்கே அனுப்புவது என்பதைத் தீர்மானிக்கிறது. அது அந்தந்தப் படியில் வரும்.

1. எந்தப் பாட்டு என்பதோடு எந்தப் பதிவு என்றும் எழுதிவையுங்கள்

ஒரு பாட்டுக்குள் இரண்டு சொத்து இருக்கிறது. வரியும் மெட்டும் ஒன்று, அதைப் பாடிப் பதிந்த ஒலிப்பதிவு இன்னொன்று. மனை ஒருவர் பெயரிலும் அதில் கட்டிய வீடு வேறொருவர் பெயரிலும் இருப்பது போலத்தான். படத்தில் வைக்க இரண்டு பேரிடமும் கையெழுத்து வேண்டும். மெட்டுக்கு வாங்குவது சிங்க் லைசென்ஸ். பதிவுக்கு வாங்குவது மாஸ்டர் லைசென்ஸ். ஒன்று மட்டும் கையில் இருந்தால் எதுவும் இல்லாததற்குச் சமம்.

ஹேஸ் விஷயத்தில் இது இன்னும் சிக்கல். ஏனென்றால் அவர் நான்கு விதமாகப் பாட்டுக்குள் இருக்கிறார்.

'ஹோல்ட் ஆன், ஐம் கமிங்' (1966), 'சோல் மேன்' (1967) இரண்டும் அவரும் டேவிட் போர்ட்டரும் சேர்ந்து எழுதியவை. பாடியவர்கள் சாம் அண்ட் டேவ். இங்கே ஹேஸ் மனையின் பங்குதாரர் மட்டுமே.

1969-இல் வந்த 'ஹாட் பட்டர்டு சோல்' ஆல்பத்தில் 'வாக் ஆன் பை' 12 நிமிடம் ஓடுகிறது, 'பை த டைம் ஐ கெட் டு ஃபீனிக்ஸ்' 18 நிமிடத்தைத் தாண்டுகிறது. கேட்டால் ஹேஸைத் தவிர வேறு யாருடையதாகவும் தோன்றாது. ஆனால் முதலாவது பர்ட் பாக்கராக், ஹால் டேவிட் இருவரின் பாட்டு, இரண்டாவது ஜிம்மி வெப் எழுதியது. சிங்க் லைசென்ஸுக்கு ஹேஸின் பப்ளிஷரிடம் (அவர் எழுதிய பாட்டுகளின் உரிமையைப் பார்த்துக்கொள்ளும் நிறுவனம்) போனால் கதவு திறக்காது. நான் போனேன். பதில் வர 16 நாள் ஆனது, வந்த பதில் 'இது எங்களுடையது இல்லை' என்ற ஒரே வரி.

1971-இன் 'ஷாஃப்ட்' படப்பாட்டு, அவரே எழுதி அவரே பாடியது. அதற்குத் தனிப் படி வைத்திருக்கிறேன்.

நான்காவது வகையில்தான் இளைஞர்கள் விழுகிறார்கள். 'சவுத் பார்க்' கார்ட்டூன் தொடரில் ஷெஃப் பாத்திரத்துக்கு 1997 முதல் குரல் கொடுத்தார். அந்தப் பாத்திரம் பாடிய 'சாக்லேட் சால்ட்டி பால்ஸ்' பிரிட்டனில் முதலிடம் வரை போனது. எழுதியவர் ட்ரே பார்க்கர். ஹேஸிடம் இருப்பது குரல் மட்டும்.

ஆகவே ஒரு தாளில் நான்கு கட்டம் போடுங்கள்: எழுதியவர், பாடியவர், பதிவு வெளியான ஆண்டு, லேபிள் (பதிவை வெளியிட்ட நிறுவனம்). நான்கும் நிரம்பாமல் யாருக்கும் மின்னஞ்சல் அனுப்பாதீர்கள்.

2. பதிவின் சொந்தக்காரரைக் கண்டுபிடிக்க 1968 மே மாதத்தை நினைவில் வையுங்கள்

ஸ்டாக்ஸ் என்று லேபிளில் அச்சடித்திருந்தால் ஸ்டாக்ஸைக் கேட்டால் போதும் என்றுதான் நானும் நினைத்தேன். மூன்று வாரம் தவறான அலுவலகத்துக்கு எழுதிக்கொண்டிருந்தேன்.

நடந்தது இது. ஸ்டாக்ஸின் இசைத்தட்டுகளை அட்லாண்டிக் நிறுவனம் விநியோகித்து வந்தது. 1968-இல் இரு தரப்பும் பிரிந்தபோது, பழைய ஒப்பந்தத்தின்படி அதுவரை விநியோகித்த பதிவுகள் எல்லாம் அட்லாண்டிக்குக்கே சொந்தம் என்பது தெரியவந்தது. இன்று அவை வார்னர் மியூசிக் குடும்பத்தில் இருக்கின்றன. ஆகவே 'சோல் மேன்' பதிவு வேண்டுமென்றால் வார்னர் பக்கம்.

1968-க்குப் பிறகு ஸ்டாக்ஸ் உருவாக்கியவை வேறு வழியில் போயின. 1975 டிசம்பரில் ஸ்டாக்ஸ் திவாலானது, 1977-இல் அந்தப் பதிவுகள் ஃபேன்டஸிக்குப் போயின, 2004-இல் ஃபேன்டஸியைக் கான்கார்ட் வாங்கியது. ஹேஸின் 1969 முதல் 1974 வரையிலான ஆல்பங்களில் என்டர்பிரைஸ் என்ற பெயர் இருக்கும். அது ஸ்டாக்ஸின் துணை லேபிள்தான், குழம்ப வேண்டாம். 1975 முதல் அவர் ஏபிசிக்கு மாறினார், அது 1979-இல் எம்சிஏவுக்குப் போனது, இன்று யுனிவர்சலில் தேட வேண்டும்.

தட்டின் படத்தை இணையத்தில் தேடி, லேபிளின் பெயரையும் ஆண்டையும் படித்துப் பாருங்கள். ஸ்ட்ரீமிங் செயலியில் பாட்டின் அடியில் சிறிய எழுத்தில் இருக்கும் உரிமை வரியையும் படம் பிடித்துவையுங்கள். இரண்டும் ஒத்துப்போனால் சரியான வாசல்.

3. மெட்டின் சொந்தக்காரர்: சாங்வியூவில் 100 விழுக்காடு வரும் வரை கூட்டுங்கள்

பாட்டு எழுதியவர்களுக்கு ராயல்டி வசூலித்துத் தரும் அமெரிக்க அமைப்புகளான ஆஸ்காப், பிஎம்ஐ இரண்டும் சேர்ந்து நடத்தும் சாங்வியூ என்ற தேடுதளம் இலவசம். பாட்டின் பெயரோடு எழுதியவர் பெயரையும் போடுங்கள். 'சோல் மேன்' என்று மட்டும் தேடினால் அதே பெயரில் வேறு பாட்டுகளும் வந்து நிற்கும். ஒவ்வொரு பப்ளிஷருக்கும் எத்தனை விழுக்காடு என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். மூன்று பப்ளிஷர் இருந்தால் மூன்று கையெழுத்து. பெரும்பங்கு வைத்திருப்பவர் சம்மதித்தால் போதும் என்பது இங்கே செல்லாது.

இன்னொன்று. தேடிய தேதியைத் திரைப்பிடிப்பில் தெரியும்படி வையுங்கள். சொந்தக்காரர்கள் மாறிக்கொண்டே இருக்கிறார்கள், ஹேஸின் பாட்டுகளில் அதற்குக் காரணம் உண்டு. 1976-இல் 60 லட்சம் டாலருக்கு மேல் கடனோடு அவர் திவாலானபோது, தான் எழுதிய, பாடிய, தயாரித்த பாட்டுகளின் வருங்கால ராயல்டி முழுவதையும் இழந்தார். ஆஸ்கர் வாங்கி நான்கே ஆண்டு ஆகியிருந்தது. இதைப் படித்த அன்றுதான், அனுமதி வாங்குவதை ஒரு தொல்லையாக நினைப்பதை நான் விட்டேன். நான் அனுப்பும் தொகையில் ஒரு பங்காவது அவர் குடும்பத்துக்குப் போகுமா என்று அதன் பிறகு எல்லாப் பாட்டுக்கும் பார்த்தேன்.

போகும் வழி உண்டு. 1978-க்கு முன் வெளியான பாட்டுகளை எழுதியவரோ வாரிசுகளோ 56 ஆண்டுக்குப் பின் அமெரிக்க உரிமையைத் திரும்பப் பெற அங்குள்ள சட்டம் இடம் தருகிறது. 1966 பாட்டுக்கு அந்தக் கணக்கு 2022-இல் வந்துவிட்டது, 1971 பாட்டுக்கு 2027. இப்படித் திரும்புவது அமெரிக்க எல்லைக்குள் மட்டும். வெளிநாட்டு உரிமை பழைய பப்ளிஷரிடமே இருக்கலாம். உலகம் முழுவதும் படத்தைக் காட்டப் போகிறீர்கள் என்றால் 'அமெரிக்காவுக்கு யார், மற்ற நாடுகளுக்கு யார்' என்று இரண்டு கேள்வியாகவே கேளுங்கள்.

குடும்பத்தார் கவனமாக இருக்கிறார்கள் என்பதையும் மறக்க வேண்டாம். டிரம்ப்பின் தேர்தல் கூட்டங்களில் 'ஹோல்ட் ஆன், ஐம் கமிங்' ஒலித்ததை எதிர்த்து அவர்கள் வழக்குப் போட, 2024 செப்டம்பரில் அட்லாண்டா கூட்டாட்சி நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது.

'பழைய பாட்டுதானே, உரிமை முடிந்திருக்கும்' என்று ஒருவர் சொல்வார். 1969 பாட்டின் மெட்டுக்கு 95 ஆண்டு, அதாவது 2064 முடியும் வரை. 1957-க்கும் 1972 பிப்ரவரி 15-க்கும் இடையே வெளியான ஒலிப்பதிவுகளுக்கு 2067 பிப்ரவரி 15 வரை காப்பு இருக்கிறது.

4. 'ஷாஃப்ட்' வேண்டுமென்றால் நான்கு வாரம் கூடுதலாக ஒதுக்குங்கள்

டிரம்ஸின் ஹை-ஹாட் தாளத் தகட்டில் வில்லி ஹால் ஓடவிட்ட அந்தத் துடிப்பு, அதன் மேல் ஸ்கிப் பிட்ஸின் வா-வா கிட்டார். பாட வாய் திறக்கவே ஹேஸ் இரண்டு நிமிடத்துக்கு மேல் எடுத்துக்கொள்கிறார். கார்டன் பார்க்ஸ் இயக்கிய அந்தப் படத்துக்காக 1972 ஏப்ரல் 10 அன்று ஆஸ்கர் பெற்றார். சிறந்த பாட்டுக்கான ஆஸ்கரை வென்ற முதல் கறுப்பினத்தவர் அவர்தான். அவரைப் பற்றிப் படம் எடுப்பவர் யாரும் இந்தப் பாட்டை விட மாட்டார்.

இங்கே பொறி என்னவென்றால் பதிவு இரண்டு இருக்கிறது. படத்துக்காகக் கலிஃபோர்னியாவில் எம்ஜிஎம் திரைப்பட ஸ்டுடியோவில் பதிந்தது ஒன்று. தட்டுக்காக மெம்ஃபிஸில் ஸ்டாக்ஸ் ஸ்டுடியோவில் மறுபடி வாசித்துப் பதிந்தது இன்னொன்று. நீங்கள் டிவிடியிலிருந்து எடுத்த ஒலியை டைம்லைனில் போட்டுவிட்டு, தட்டின் சொந்தக்காரரிடம் மாஸ்டர் லைசென்ஸ் வாங்கினால் அந்த லைசென்ஸ் உங்கள் படத்துக்குப் பொருந்தாது. தட்டிலிருந்தே எடுங்கள். அதில் ஓடும் நேரத்தைக் கடிதத்திலும் எழுதுங்கள்.

படத்துக்காக எழுதிய பாட்டை ஸ்டுடியோக்கள் எவ்வளவு இறுக்கிப் பிடிக்கும் என்பதற்கு ஹேஸ் வாழ்விலேயே சான்று இருக்கிறது. 1972 ஆகஸ்ட் 20, அவருடைய 30-ஆவது பிறந்தநாள். லாஸ் ஏஞ்சலஸ் கொலிசியத்தில் ஸ்டாக்ஸ் நடத்திய வாட்ஸ்டாக்ஸ் இசை நிகழ்ச்சியின் கடைசிக் கலைஞராக மேடையேறி 'ஷாஃப்ட்' பாட்டைப் பாடினார். அதைப் படம் பிடித்தார்கள். 1973-இல் அந்த நிகழ்ச்சியின் ஆவணப்படமான 'வாட்ஸ்டாக்ஸ்' வெளியானபோது எம்ஜிஎம்மின் உரிமையால் அந்தக் காட்சியை வெட்டிவிட்டு, வேறொரு பாட்டை மேடையில் பாடுவது போலத் தனியாக எடுத்துச் சேர்க்க வேண்டியதாயிற்று. அசல் காட்சி மக்கள் பார்வைக்கு வந்தது 2003-இல். எழுதியவரே மேடையில் பாடியது 30 ஆண்டு அலமாரியில் கிடந்தது. 'ஆவணப்படம்தானே, அவர் பாட்டைத்தானே அவரைப் பற்றிய படத்தில் போடுகிறோம்' என்ற வாதம் எங்கும் எடுபடாது.

5. கடிதத்தோடு அனுப்ப வேண்டியவை

இரு தரப்புக்கும் ஒரே நாளில், ஒரே விவரத்தோடு அனுப்புங்கள். ஒருவருக்கு 40 வினாடி என்றும் மற்றவருக்கு 55 வினாடி என்றும் எழுதினால் ஒப்பந்தம் வரும்போது இரண்டும் முட்டிக்கொள்ளும்.

நான் கடைசியில் வைத்துக்கொண்ட கோப்பு இப்படி இருந்தது. படத்தின் ஒரு பக்கக் கதைச்சுருக்கம். பாட்டு வரும் காட்சியின் விவரம், முன்பின் ஒரு நிமிடம் உட்பட. பாட்டு எந்த நொடியில் தொடங்கி எந்த நொடியில் முடிகிறது, வரியோடு வருகிறதா, இசை மட்டுமா, முன்னணியிலா பேச்சுக்குப் பின்னணியிலா. படத்தின் மொத்த பட்ஜெட்டும் அதில் இசைக்கு ஒதுக்கியதும். எங்கே காட்டப் போகிறீர்கள், எத்தனை ஆண்டுக்கு, எந்தெந்த நாடுகளில். காட்சியின் குறுவீடியோ, கடவுச்சொல் போட்டது. மாணவர் படமென்றால் கல்லூரியின் கடிதம். அந்தக் கடிதம் எனக்கு விலையைக் குறைத்தது, தவறாமல் வாங்குங்கள்.

காட்சியில் வன்முறை, போதைப்பொருள், உடலுறவு இருந்தால் மறைக்காதீர்கள். ஒப்பந்தத்தில் நீங்கள் எழுதித் தந்த காட்சி விவரம் ஒட்டியிருக்கும். படம் அதிலிருந்து மாறினால் அனுமதி செல்லாது.

6. காசு

விலைப்பட்டியல் என்று எதுவும் கிடையாது. பாட்டின் புகழ், நீளம், எங்கே ஓடப்போகிறது என்பதைப் பார்த்து அவர்கள் சொல்வதுதான் விலை. எனக்குத் திரைவிழாக்களுக்கு மட்டும், ஓராண்டுக்கு, ஒரு பாட்டுக்கு ஒவ்வொரு தரப்புக்கும் 600 டாலர் என்று வந்தது. மெட்டுக்கு 600, பதிவுக்கு 600, ஆக 1200. மகிழ்ச்சியில் எடிட்டைப் பிக்சர் லாக் செய்துவிட்டேன், அதாவது இனி காட்சி எதையும் மாற்றுவதில்லை என்று முடித்துவிட்டேன்.

ஒப்பந்தத்தில் 'மோஸ்ட் ஃபேவர்டு நேஷன்ஸ்' என்ற வரி இருந்தது. கூடுதலாக யாருக்குத் தருகிறீர்களோ அதே விகிதத்தில் எனக்கும் தர வேண்டும் என்பது அதன் பொருள். மெட்டில் 25 விழுக்காடு மட்டும் வைத்திருந்த இன்னொரு பப்ளிஷர் கடைசியாக 300 டாலர் கேட்டார். கால் பங்குக்கு 300 என்றால் முழு மெட்டுக்கு 1200. மெட்டு 1200 ஆனதும் பதிவும் 1200. ஒரு சிறு பங்குதாரர் 300 கேட்டதில் என் செலவு 1200-இலிருந்து 2400 ஆனது. ஆகவே சிறு பங்குக்காரர் உட்பட எல்லாருடைய கொட்டேஷனும் எழுத்தில் வரும்வரை யாருக்கும் சரி சொல்லாதீர்கள்.

திரைவிழா உரிமை வாங்கும்போதே, பின்னால் ஸ்ட்ரீமிங்குக்குப் போனால் என்ன விலை என்பதையும் அதே ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள். இப்போது கட்ட வேண்டியதில்லை, விலை மட்டும் உறுதியாகிவிடும். நான் இதைக் கேட்கவில்லை. ஒரு தளம் படத்தை வாங்க முன்வந்தபோது மறுபடி முதலிலிருந்து பேச வேண்டியிருந்தது, அப்போது கேட்ட விலை என்னால் முடியாததாக இருந்தது. ஒரு பாட்டை எடுத்துவிட்டேன். அந்தக் காட்சி இன்று வரை எனக்கு உறுத்துகிறது.

7. நாள் கணக்கு

கடிதம் அனுப்பி முதல் பதில் வர எனக்கு இரண்டிலிருந்து ஐந்து வாரம் ஆனது. விலை சொல்ல மேலும் மூன்று வாரம். ஒப்பந்தத் தாள் வர இன்னொரு மாதம். கொட்டேஷன் 90 நாள்தான் செல்லும் என்று எழுதியிருந்தார்கள், ஒன்று காலாவதியாகிப் புதுப்பிக்க வேண்டியதாயிற்று. டிசம்பர் கடைசியில் எழுதினால் ஜனவரி நடுவரை யாரும் இருக்க மாட்டார்கள். பத்து நாளுக்கு ஒரு முறை, பழைய மின்னஞ்சலுக்கே பதிலாக, இரண்டே வரியில் நினைவூட்டுங்கள். முதல் கட் தயாரான அன்றே தொடங்குவது நல்லது.

8. படக் காட்சியும் குரலும் தனிக் கணக்கு

ஹேஸ் நடித்த காட்சிகளும் வேண்டுமே. 1974-இன் 'ட்ரக் டர்னர்', ஜான் கார்ப்பென்டரின் 'எஸ்கேப் ஃப்ரம் நியூ யார்க்'கில் (1981) அவர் செய்த டியூக், தொலைக்காட்சியில் 'ராக்ஃபோர்டு ஃபைல்ஸ்' தொடரின் காண்டால்ஃப் ஃபிட்ச், 2005-இன் 'ஹஸல் அண்ட் ஃப்ளோ'. ஒவ்வொன்றுக்கும் ஸ்டுடியோவின் கிளிப் லைசென்ஸ் துறை இருக்கிறது. அவர்கள் தருவது பெரும்பாலும் படம் மட்டும். அந்தக் காட்சியில் ஒலிக்கும் இசைக்கும், முகம் தெரியும் மற்ற நடிகர்களுக்கும் தனித்தனியே கேட்க வேண்டும். ஆஸ்கர் மேடையில் அவர் பாடிய காட்சிக்கு அகாடமியிடம் போக வேண்டும்.

திறனாய்வுக்காகச் சிறு பகுதியைக் காட்டலாம் என்று அமெரிக்கச் சட்டத்தில் நியாயப் பயன்பாடு இருக்கிறது. ஆனால் '30 வினாடிக்குள் இருந்தால் தப்பில்லை' என்ற விதி எந்தச் சட்டத்திலும் இல்லை. அதை நம்பிப் போவதானால் வழக்கறிஞரின் எழுத்துக் கருத்து கையில் இருக்க வேண்டும், விநியோகத்துக்கு முன் காப்பீட்டு நிறுவனம் அதைத்தான் கேட்கும்.

ஏஐ கருவியில் ஹேஸின் குரலை உண்டாக்கி விவரணை பேச வைக்கலாமே என்று என் எடிட்டர் கேட்டார். செய்யாதீர்கள். டென்னசி மாநிலத்தின் எல்விஸ் சட்டம் 2024 ஜூலை 1 முதல் ஒருவருடைய குரலையும் காப்புக்குள் கொண்டுவந்திருக்கிறது. சட்டம் இல்லாவிட்டாலும் அந்த அடித்தொண்டைக் குரலைப் போலியாகச் செய்ய எனக்கு மனம் வந்திருக்காது.

9. பணம் கட்டுப்படியாகவில்லையென்றால்

பாட்டை நீங்களே ஒரு குழுவை வைத்து வாசித்துப் பதியுங்கள். அப்போது மாஸ்டர் லைசென்ஸ் தேவையில்லை, பாதிச் செலவு போய்விடும். சிங்க் லைசென்ஸ் மட்டும் கட்டாயம் வேண்டும். இணையத்தில் சில டாலருக்கு விற்கும் கவர் லைசென்ஸ் ஒலித்தட்டுக்கும் ஸ்ட்ரீமிங்குக்கும் உரியது, வீடியோவுக்குச் செல்லாது.

'ஷாஃப்ட் மாதிரி ஒன்று போட்டுக்கொடு' என்று இசையமைப்பாளரிடம் சொல்வதானால் எச்சரிக்கை. வா-வா கிட்டாரும் ஹை-ஹாட்டும் யாருக்கும் சொந்தமில்லை, ஆனால் மெட்டு நெருங்கினால் வழக்கு வரும். மார்வின் கேயின் பாட்டைப் பின்பற்றியதாக 'பிளர்டு லைன்ஸ்' மேல் 2015-இல் நடுவர் குழு தீர்ப்புச் சொன்னது, 2018-இல் மேல்முறையீட்டிலும் அது நின்றது. இசையமைப்பாளருக்கு ஹேஸின் பாட்டை மாதிரியாக அனுப்பாதீர்கள். காட்சியின் மனநிலையை மட்டும் சொல்லுங்கள்.

சாம்பிள் எடுப்பது, அதாவது பழைய பதிவின் ஒரு துண்டை வெட்டிப் புதுப் பாட்டில் சேர்ப்பது, மலிவு வழி இல்லை, அதற்கும் இரண்டு கையெழுத்து. வேறொருவர் சாம்பிள் செய்த பாட்டை வைப்பதிலும் இது வரும். போர்ட்டிஸ்ஹெட்டின் 'குளோரி பாக்ஸ்' பாட்டில் ஹேஸின் 'ஐக்ஸ் ராப் 2' சாம்பிளாக இருக்கிறது, அதை வைத்தால் ஹேஸின் பங்கும் சேர்ந்தே வரும்.

10. கையெழுத்தான பிறகு

பணம் கட்டிய ரசீது, இரு தரப்பும் ஒப்பமிட்ட ஒப்பந்தம், கேட்டபடி எழுதிய டைட்டில் வரி மூன்றையும் ஒரே கோப்பில் வையுங்கள். யூடியூபில் ஏற்றுவதானால், ஏற்றும் முன்பே உங்கள் சேனலை உரிமைத் தடையிலிருந்து விலக்கு பெறும் பட்டியலில் சேர்க்கும்படி இரு தரப்புக்கும் எழுதுங்கள். லைசென்ஸ் இருந்தும் என் முன்னோட்டம் முதல் நாளிலேயே தடைபட்டது, திறக்க ஆறு நாள் ஆனது.

பிறகு கியூ ஷீட். ஒவ்வொரு பாட்டுக்கும் பெயர், எழுதியவர், பப்ளிஷர், பங்கு, ஆஸ்காப்பா பிஎம்ஐயா, ஓடும் நேரம், எப்படிப் பயன்பட்டது என்று நிரப்பி, ஒளிபரப்புபவருக்கும் பப்ளிஷருக்கும் அனுப்புங்கள். தொலைக்காட்சியில் படம் ஓடும்போது எழுதியவருக்குச் சேர வேண்டிய ராயல்டி இந்தத் தாளை வைத்துத்தான் போகிறது. நிரப்ப ஒரு மணி நேரம் போதும், செலவு எதுவும் இல்லை. எழுதியவர் இடத்தில் டேவிட் போர்ட்டரின் பெயரை விட்டுவிடாதீர்கள், முதல் தடவை நிரப்பும் பலர் ஹேஸ் பெயரை மட்டும் எழுதிவிடுகிறார்கள்.